பின்னாடி ஒரு தங்கச்சி இருக்கா!

"உனக்குப் பின்னாடி ஒரு தங்கச்சி இருக்கா. அதை நெனச்சுப் பாத்தியாடி?"

தமிழ்நாட்டுக் கிராமங்களில் காதல் பற்றிய பேச்சு பெரும்பாலும் இந்தக் கேள்வியில்தான் ஆரம்பிக்கிறது. அரிவாளெல்லாம் அப்புறம். முதலில் அம்மா அடுப்படியில் வைத்துக் கேட்பார். மறுநாள் அத்தை வருவார், ஏதோ வழியில் போனவர் எட்டிப்பார்த்ததுபோல. அதற்கடுத்து தாய்மாமன் வந்து திண்ணையில் உட்காருவார். அவர் எதுவும் கேட்கமாட்டார். கொடுத்த காப்பியைத் தொடாமல் ஆறவிட்டு, "சரி, வர்றேன்" என்று எழுந்து போவார். வெளியாளுக்கு அது வெறும் ஆறிப்போன காப்பி. அந்த வீட்டுக்குத் தெரியும், தங்கையின் கல்யாணத்துக்கு வரவேண்டிய சீர் அந்த டம்ளரோடு சேர்ந்து ஆறுகிறது என்று.

காதலா, குடும்பமா என்பதை சினிமா எப்போதுமே இரண்டு பாசங்களுக்கு நடுவே நடக்கும் சண்டையாகக் காட்டிப் பழகிவிட்டது. கிராமத்தில் குடும்பக் கடமை என்பது வெறும் பாசத்தில் அடங்குவதில்லை. அதற்குக் கணக்கு உண்டு, நோட்டு உண்டு, தவணை உண்டு. அந்தக் கணக்கே தெரியாமல், "பிடிச்சவனோட போகவேண்டியதுதானே" என்று நகரத்தில் உட்கார்ந்து சொல்வது சுலபம். அந்தக் கணக்கில் எது நிஜமான கடன், எது கடன் வேஷம் போட்ட சாதி என்று பிரித்துப் பார்க்காமல், "பெத்தவங்க பேச்சைக் கேளு" என்று சொல்வது அதைவிடச் சுலபம்.

நோட்டில் இருக்கும் கடன்

பேராவூரணி, கீரமங்கலம், வடகாடு பக்கம் ஆடி பிறந்துவிட்டால் மொய் விருந்துக் காலம். ஊரெங்கும் ஃப்ளெக்ஸ், பந்தல், ஆட்டுக்கறிச் சாப்பாடு. பந்தல் ஓரத்தில் மேசை போட்டு எழுதுகிறவர் ஒருவர், எண்ணுகிறவர் ஒருவர். ஊர்ப் பெயர், தகப்பனார் பெயர், தொகை என்று வரி வரியாக நோட்டில் ஏறும். வாங்கிய மொய்யை, போட்டவர் வீட்டு விருந்தில் திருப்பிச் செய்யவேண்டும். கூடவே புது மொய்யாகக் கொஞ்சம் சேர்த்து வைக்கவேண்டும். வட்டி இல்லாத வங்கி என்று இதைச் சிலர் பெருமையாகச் சொல்வார்கள். பெருமை நியாயம்தான். விதைக்கவும் கிணறு வெட்டவும் வீடு கட்டவும் இந்தப் பணம் எத்தனையோ குடும்பங்களைக் கைதூக்கிவிட்டிருக்கிறது.

ஆனால் இந்த வங்கிக்கு அடமானம் எது? உறவுதான். மாமன் மச்சான் என்று சொல்லிக்கொள்ள ஆள் இருக்கும்வரைதான் கணக்கு ஓடும். மகள் வேறு தெருப் பையனோடு போய்விட்டால், அந்த வீட்டு விசேஷத்துக்கு வருவதா வேண்டாமா என்று நோட்டில் இருக்கும் அத்தனை பேரும் யோசிப்பார்கள். மொய் வராவிட்டால் மானம் மட்டுமா போகிறது? இருபது வருஷமாக ஊர் ஊராகப் போய்ப் போட்ட பணமும் சேர்ந்துதான் போகிறது. அப்பாக்கள் இதை வாய்விட்டுச் சொல்வதில்லை. "ஊர்ல தலை காட்ட முடியாது" என்ற நாலு வார்த்தையில் முடித்துக்கொள்வார்கள்.

தென்மாவட்டங்களில் இன்னொரு கணக்கும் இருக்கிறது: தலைக்கட்டு வரி. கோயில் கொடைக்கோ திருவிழாவுக்கோ கல்யாணமான ஆம்பளை ஒவ்வொருவரும் ஒரு தலைக்கட்டு. வரி கொடுத்தால் ஊரில் ஒருவன். சாமி முன்னால் மரியாதை உண்டு, நல்லது கெட்டதுக்கு ஆள் வரும். சாதி மாறிக் கட்டியவனிடம் "உன்கிட்ட வரி வாங்கறதா இல்ல" என்று சொன்னால் போதும், அடி உதை எதுவும் தேவையில்லை. வீட்டில் சாவு விழுந்தால் தூக்க ஆள் வராது என்பதுதான் அதன் பொருள். எத்தனை படித்தவனாக இருந்தாலும் இந்த ஒரு இடத்தில் தொண்டை அடைத்துவிடும். பெண்களுக்கு இந்தப் பட்டியலில் தலைக்கட்டே கிடையாது என்பதையும் சொல்லிவிடவேண்டும். ஊர் மானத்தைக் காப்பாற்றும் பொறுப்பு முழுக்க அவர்கள் தலையில். ஊர் வரியில் அவர்கள் பேர் இல்லை.

இதன்மேல்தான் முறை என்ற ஒன்று வந்து உட்காருகிறது. 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி, சொந்தத்துக்குள் கட்டிக்கொண்ட பெண்கள் நாட்டளவில் 11 சதவீதம். தமிழ்நாட்டில் 28. 1955-ம் ஆண்டு இந்துத் திருமணச் சட்டம் நெருங்கிய உறவுக்குள் மணம் செய்வதைத் தடுத்தாலும், வழக்கத்தில் இருந்தால் செல்லும் என்று விதிவிலக்கு வைத்திருப்பதால், மாமன் கையால் தாலி ஏறுவதற்குச் சட்டத்தில் தடையில்லை. பிறந்த அன்றே "என் மருமக வந்துட்டா" என்று தங்கக்காசைக் கையில் வைத்துவிட்டுப் போகிற மாமன், காது குத்துக்கும் சடங்குக்கும் தட்டுத்தட்டாகச் சீர் கொண்டுவருவார். எல்லாம் வாங்கிக்கொண்டு இருபது வயதில் "எனக்கு வேற ஒருத்தரைப் பிடிச்சிருக்கு" என்று அந்தப் பெண் சொன்னால், அவள் மாமனிடம் வாங்கியதை ஏமாற்றியவள்போல ஆகிவிடுகிறாள். பிறந்த அன்று வாங்கிய காசுக்கு அவள் எப்போது கையெழுத்துப் போட்டாள் என்று யாரும் கேட்பதில்லை.

ஏற்கெனவே கட்டிய தவணை

ஆண்பிள்ளைகளுக்கும் இந்தக் கணக்கு உண்டு. வீட்டுக்கு மூத்தவன் என்றால், தங்கைகளைக் கரையேற்றும்வரை அவனுக்குக் கல்யாணப் பேச்சே கிடையாது. முப்பத்தைந்து வயதுவரை சிங்கப்பூரிலோ குவைத்திலோ கொத்து வேலை பார்த்து, கடைசித் தங்கைக்கு வளைகாப்பும் போட்டுவிட்டு ஊர் திரும்பும்போது, அவன் நேசித்தவளுக்குப் பள்ளிக்கூடம் போகிற பிள்ளை இருக்கும். இதைத் தியாகம் என்று ஊர் கொண்டாடும். கொண்டாட்டத்தில் அவளைப் பற்றி ஒரு வரி வராது.

பெண்களின் கணக்கு இன்னும் வேடிக்கை. திண்டுக்கல், ஈரோடு, கோவை வட்டார நூற்பாலைகள் 'சுமங்கலித் திட்டம்' என்ற பெயரில் வயசுப்பெண்களை மூன்று வருஷத்துக்கு விடுதியில் வைத்து வேலை வாங்கி, கடைசியில் கல்யாணச் செலவுக்கென்று மொத்தமாக ஒரு தொகை தந்தன. முழுத் தொகையும் கைக்கு வராத பெண்கள் ஏராளம் என்பது தொழிலாளர் அமைப்புகள் தொடர்ந்து சொன்ன புகார். அந்தப் பேரில் இப்போது ஆள் எடுப்பதில்லை என்றாலும், வாரக்கடைசியில் திருப்பூர் பஸ் ஸ்டாண்டில் நின்று பார்த்தால் கதை மாறவில்லை என்று தெரியும். ஓவர்டைம் பார்த்த கண்களோடு ஊருக்குப் போகும் பெண்கள். அவர்கள் அனுப்பிய பணத்தில் வீட்டுக்கு கான்கிரீட் மேற்கூரை வந்திருக்கும், தம்பி பாலிடெக்னிக் முடித்திருப்பான், சுயஉதவிக் குழுக் கடன் அடைந்திருக்கும். குடும்பக் கடமை என்று ஒன்று இருந்தால் அதைக் காசாகவே கட்டி முடித்தவர்கள் இவர்கள்தான். அவர்களில் ஒருத்தி, பக்கத்து லைனில் செக்கிங் பார்க்கும் பையனைக் கட்டிக்கொள்கிறேன் என்றால், "உன்னைப் படிக்கவச்சு ஆளாக்கினதுக்கு இதான் கைம்மாறா?" என்று வீடு கேட்கிறது.

அந்தத் தங்கச்சியையும் யாராவது ஒருநாள் கேட்டுப் பார்க்கலாம். அக்கா போய்விட்டதால் தனக்கு வரன் வராமல் போகும் என்று அழுகிறவளும் உண்டு. அக்காவுக்கு ஃபோன் ரீசார்ஜ் செய்து கொடுத்தவளும் அவளாகவே இருப்பாள்.

எந்தக் கடன் அடையும், எது அடையாது

இவ்வளவு இறுக்கமான கணக்கு என்றால், காதலித்துக் கட்டிய எந்தக் குடும்பமும் மறுபடி சேரவே கூடாது. ஆனால் சேர்கிறார்கள். பையனும் பெண்ணும் ஒரே சாதி என்றால், பெரும்பாலும் ஒரு பிள்ளை பிறக்கும்வரைதான் கோபம். முதல் ஆறு மாதம் "அவ எங்களுக்குச் செத்துட்டா." பிறகு அம்மா ரகசியமாக ஃபோன் பேசுவார். மாசமாக இருக்கிறாள் என்றதும் ஊறுகாயும் முறுக்கும் யார் கையிலாவது போகும். குழந்தைக்கு மொட்டையடித்துக் காது குத்தும்போது அதே தாய்மாமன் மடியில் உட்கார்த்திவைப்பார். மொய் நோட்டும் மறுபடி திறக்கும். பணம், சீர், தங்கையின் வரன் என்று முன்னால் சொன்ன அத்தனை காரணங்களும் இரண்டு மூன்று வருஷத்தில் கரைந்துவிடும். இந்தக் கணக்கு பேசித் தீர்க்கக்கூடியது என்பதற்கு ஊரே சாட்சி.

பையன் காலனித் தெரு என்றால் அதே குடும்பம், அதே மாமன், அதே நோட்டு. ஆனால் எதுவும் கரையாது. கடமை என்ற பேச்சின் சாயம் வெளுக்கும் இடம் இது.

2012 நவம்பரில் தருமபுரி மாவட்டத்தில், தலித் இளைஞரை மணந்த பெண்ணின் தகப்பனார் தூக்கில் தொங்கினார். அன்றே மூன்று தலித் குடியிருப்புகளில் இருநூறுக்கும் மேற்பட்ட வீடுகள் எரிந்தன. எட்டு மாதம் கழித்து அந்த இளைஞரின் உடல் ரயில் தண்டவாளத்தின் அருகே கிடந்தது. ஒரு தகப்பனின் துயரம் புரிகிறது. எரிந்த வீடுகளில் யாருடைய குடும்பக் கடமை இருந்தது? 2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டை பஸ் நிலையம் அருகே பட்டப்பகலில் ஒரு தம்பதி வெட்டப்பட்டார்கள். பொறியியல் மாணவரான கணவர் இறந்தார், மனைவி பிழைத்தார். கண்காணிப்பு கேமரா பதிவை நாடே பார்த்தது. 2017 டிசம்பரில் திருப்பூர் நீதிமன்றம் பெண்ணின் தந்தை உட்பட ஆறு பேருக்குத் தூக்குத் தண்டனை விதித்தது. 2020 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் தந்தையை விடுவித்து, மற்ற ஐந்து பேரின் தண்டனையை ஆயுளாகக் குறைத்தது. பிழைத்த அந்தப் பெண், சொந்த வீட்டுக்கு எதிராகவே கோர்ட்டில் சாட்சி சொன்னார். பெற்றவர்களுக்குச் செய்யவேண்டிய கடமை என்ன என்று அவருக்குப் பாடம் எடுக்க வந்தவர்கள் அப்போதும் இருந்தார்கள்.

"யார் கூடம்மா போற?"

கிளம்புவது என்று முடிவாகிவிட்டால் பெண் முதலில் எடுப்பது நகையை இல்லை, சர்ட்டிஃபிகேட்டை. பத்தாவது மார்க் ஷீட், டி.சி., ஆதார் மூன்றும் ஒரு பிளாஸ்டிக் கவரில். பதினெட்டு முடிந்ததற்கு ஆதாரம் அதுதான். ஒருநாள் குறைந்தாலும் போக்சோ சட்டத்தில் பையன் உள்ளே போகவேண்டியிருக்கும். இது அம்மாக்களுக்கும் தெரியும். சந்தேகம் வந்த அன்றே பீரோ சாவி முந்தானைக்கு ஏறிவிடும்.

கோயிலில் தாலி கட்டலாம் என்றால், பல கோயில்களில் முதல் திருமணச் சான்று கேட்பார்கள். அதற்கு சொந்த ஊர் வி.ஏ.ஓ. வரை போகவேண்டும், அவர் மேசைக்குப் போன விஷயம் மாலைக்குள் டீக்கடைக்கு வந்துவிடும். மதம் வேறு என்றால் 1954-ம் ஆண்டு சிறப்புத் திருமணச் சட்டம். 30 நாள் அறிவிப்பு ஒட்டவேண்டும். தேடி வருபவர்களுக்கு விலாசம் எழுதிக் கொடுத்ததுபோலத்தான் அது. இரண்டு பேரும் இந்துக்கள், சாதி மட்டும் வேறு என்றால் இந்த 30 நாள் தேவையே இல்லை. அண்ணா முதல்வராக இருந்தபோது 1967-ல் கொண்டுவந்த சுயமரியாதைத் திருமணச் சட்டத் திருத்தம் இருக்கிறது. புரோகிதர் வேண்டாம், மண்டபம் வேண்டாம். உறவினரோ நண்பர்களோ முன்னிலையில் மாலை மாற்றினாலோ மோதிரம் அணிவித்தாலோ தாலி கட்டினாலோ அது திருமணம். ஊரறிய அறிவித்துத்தான் செய்யவேண்டும் என்பதில்லை என்று 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றமும் தெளிவாக்கிவிட்டது. அரை நூற்றாண்டுக்கு மேலாகக் கையில் இருக்கும் இந்தச் சட்டம் பல காதலர்களுக்குத் தெரியாது. "ரிஜிஸ்டர் மேரேஜ்" என்ற ஒரே சொல்லோடு அலைகிறார்கள்.

இதற்கிடையில் ஊரில் 'பெண் காணவில்லை' என்று புகார் பதிவாகியிருக்கும். அடுத்த காட்சி நாளிதழ்களில் நாம் தினமும் பார்ப்பது: காதல் ஜோடி காவல் நிலையத்தில் தஞ்சம். வேப்பமரத்தடியில் இரண்டு கூட்டம். ஒரு கூட்டம் வேனில் வந்திருக்கும், கரை வேட்டிக்காரர் ஒருவர் சகிதம். இன்னொரு கூட்டத்தில் பையனின் அப்பாவும் இரண்டு மூன்று பேரும். உள்ளே பெண் இன்ஸ்பெக்டர் பேசிப் பார்ப்பார். அம்மா தரையில் உட்கார்ந்து காலைப் பிடிப்பார். அப்பா மருந்து குடித்துவிடுவேன் என்பார். தாத்தாவின் நெஞ்சுவலி அன்றைக்கென்று அதிகமாகும். எல்லாம் ஓய்ந்த பிறகு, ஸ்டேஷனிலோ மாஜிஸ்திரேட் முன்போ, ஆட்கொணர்வு மனு போட்டிருந்தால் உயர் நீதிமன்றத்திலோ, அந்தக் கேள்வி வரும்: "யார் கூடம்மா போற?"

ஒருத்தி தன் முழு வாழ்க்கைக்கும் பதில் சொல்ல அவளுக்குக் கிடைக்கும் நேரம் அரை நிமிஷம். "இவர்கூட" என்று சொன்னால் அம்மா மண்ணை வாரித் தூற்றுவார். "வீட்டுக்குப் போறேன்" என்றால், அதன்பின் அந்தப் பெண் எங்கே வைக்கப்பட்டாள், யாருக்கு எந்த வாரம் கட்டிவைக்கப்பட்டாள் என்று போலீஸ் பெரும்பாலும் விசாரிப்பதில்லை. சுயவிருப்பத்தின்பேரில் பெற்றோருடன் சென்றாள் என்று எழுதி ஃபைல் மூடப்படும். அவளுடைய விருப்பம் எத்தனை பேர் அழுகைக்கு நடுவில் பிறந்தது என்பதற்கு அந்த ஃபைலில் இடமில்லை.

கொன்றபின் கும்பிடு

காதலித்துக் கட்டுவது நம் ஊர் வழக்கமில்லை என்று பஞ்சாயத்தில் அடித்துப் பேசுகிறவர்கள், பாபநாசம் மலைமேல் சொரிமுத்து அய்யனார் கோயிலுக்கு ஆடி அமாவாசைக்குப் போகிறவர்களாகத்தான் இருப்பார்கள். அங்கே பட்டவராயன் சன்னதியில் செருப்பைக் காணிக்கையாகப் போடுகிறார்கள். தோல் செருப்பு, கோயிலுக்குள்!

பட்டவராயன்தான் வில்லுப்பாட்டில் வரும் முத்துப்பட்டன். பிராமணப் பையன். காட்டுவழியில் பொம்மக்கா, திம்மக்கா என்ற அருந்ததியர் சகோதரிகளைப் பார்த்து மயங்கி, அவர்கள் தகப்பன் வாலப்பகடையிடம் பெண் கேட்கிறான். பூணூலை அறு, குடுமியை எடு, செருப்பு தைக்கக் கற்றுக்கொள், பிறகு பேசுவோம் என்கிறார் அவர். சொந்த அண்ணன்மார் தடுத்தும் அவன் கேட்காமல் செருப்புத் தைத்துக்கொண்டு வந்து நிற்கிறான். கட்டிய பிறகு, மாமனாரின் மாட்டைக் கவர வந்தவர்களோடு சண்டையிட்டுச் செத்துப்போகிறான். பிறந்த வீட்டுக் கடமையை உதறியவன் புகுந்த வீட்டுக் கடமைக்கு உயிரை விட்டான் என்பதுதான் கதையின் அழகு.

இந்தக் கதைக்குப் பின்னால் ஊர் ஒரு ஒட்டுப் போட்டது. அந்தப் பெண்கள் உண்மையில் பிராமணருக்குப் பிறந்து பகடை வீட்டில் வளர்ந்தவர்கள் என்று கதையில் ஒரு முன்கதையைச் சேர்த்துவிட்டார்கள். நாட்டுப்புறவியல் ஆய்வாளர் நா. வானமாமலை இதை எடுத்துக்காட்டியிருக்கிறார். பொம்மியைத் தூக்கிவந்த மதுரை வீரனும் காசி ராஜாவுக்குப் பிறந்து அருந்ததியர் வீட்டில் வளர்ந்தவனாம். ஆரியமாலாவுக்காகக் கழுவேறிய காத்தவராயனுக்கும் பிறப்பு தெய்வப் பிறப்பு. மூன்று சாமிக்கும் ஒரே ஒட்டு. கும்பிடத் தயார், ஆனால் சாதி சரியாக இருந்திருக்கவேண்டும்.

இப்போதும் அதேதான். மகள் சாதி மாறிக் கட்டியதைப் பத்து வருஷம் கழித்துச் சொல்ல நேர்கிற அப்பா, "மாப்பிள்ளை பெங்களூர்ல ஐ.டி., பெரிய சம்பளம்" என்று ஆரம்பிப்பார். எந்த ஊர் என்று கேட்டால் பேச்சை மாற்றுவார். காசி ராஜாவின் இடத்தில் இப்போது கம்பெனி சம்பளம்.

சட்டம் வரட்டும், சுவரும் வரட்டும்

வீட்டோடு நின்றுவிட்டவர்களைப் பற்றியும் எழுதவேண்டும். ஓடிப்போனவர்களும் வெட்டுப்பட்டவர்களும்தான் செய்தி. தாய்மாமனைக் கட்டிக்கொண்டு, நாலு பிள்ளை பெற்று, நன்றாகவே வாழ்ந்தவர்கள் இருக்கிறார்கள். அவர்களைப் பரிதாபமாகப் பார்ப்பது நம் திமிர். ஆனால் காவல் நிலைய வேப்பமரத்தடியில் காலைப் பிடிக்கும் அம்மாக்களில் சிலர், ஒருகாலத்தில் இதே கேள்விக்கு "வீட்டுக்கே போறேன்" என்று சொன்னவர்கள். அவர்களில் சிலர்தான் முந்தானையில் இருக்கும் பீரோ சாவியை வேண்டுமென்றே மறந்து வைத்துவிட்டும் போகிறார்கள்.

சாதி ஆணவக் கொலைக்குத் தனிச் சட்டம் வேண்டும் என்ற கோரிக்கை பழசு. இந்தியச் சட்ட ஆணையம் 2012-லேயே தன் 242-வது அறிக்கையில் ஒரு வரைவு மசோதாவைத் தந்தது. தமிழ்நாடு அரசு 2025 அக்டோபரில்தான் ஓய்வுபெற்ற நீதிபதி கே.என். பாஷா தலைமையில் ஆணையம் அறிவித்தது. அதற்கு முந்தைய ஜூலையில் நெல்லையில் ஓர் ஐ.டி. ஊழியர் வெட்டிக் கொல்லப்பட்டிருந்தார்.

தனிச் சட்டம் வருவதற்குக் காத்திருக்காமல் செய்யவேண்டியதும் இருக்கிறது. கலப்புமணம் செய்துகொண்டு மிரட்டலுக்கு ஆளாகிறவர்களுக்காக மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவும் உதவி எண்ணும் வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2016 ஏப்ரலில் உத்தரவிட்டது. 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் சக்தி வாகினி வழக்கில் அதையே நாடு முழுமைக்கும் சொன்னது; பாதுகாப்பு இல்லம் வரை பட்டியலிட்டது. வயது வந்த இருவர் மணந்துகொள்வதற்குக் குடும்பத்தின் சம்மதமோ ஊரின் சம்மதமோ தேவையில்லை என்பதையும் அந்தத் தீர்ப்பு தெளிவாக எழுதியது. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பெயரில் கலப்புத் திருமண உதவித் திட்டம்கூட இருக்கிறது, எட்டு கிராம் தங்கத்தோடு.

காதணி விழாவுக்கும் கிடாவெட்டுக்கும் ஃப்ளெக்ஸ் கட்ட நம் ஊர்களில் இடம் இல்லாமல் போனதில்லை. அந்தச் சிறப்புப் பிரிவின் எண்ணை ரேஷன் கடைச் சுவரிலும் மில் விடுதி வாசலிலும் கொட்டை எழுத்தில் எழுதிவைக்க எந்தப் புதுச் சட்டமும் தேவையில்லை. ஒரு கலெக்டரின் கையெழுத்தும் ஒரு டப்பா பெயின்ட்டும் போதும்.